வேண்டாத அழைப்பும் மறுக்கும் துணிவும்



அழைப்பு என்பது தமிழர் வாழ்வில் மதிப்பு மிக்கதொரு செயலாகும். யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும் ஒரு வீட்டில் கலியாணம் நிச்சயமானால், பெரியவர்கள் வெற்றிலைத் தட்டத்துடன் படலை படலையாகச் சென்று அழைப்பது வழக்கம். 'கலியாணம் சொல்லப் போதல்' என்றே அதற்குப் பெயர். அஞ்சலில் அட்டை மட்டும் வந்தது, ஆள் வந்து சொல்லவில்லை என்பதற்காக விழாவுக்கே வராது நின்ற உறவினர் உண்டு. யாரை அழைக்கிறோம், எதற்கு அழைக்கிறோம் என்பது அழைப்பவருக்குத் தெரியும். தம்மை மதித்து அழைத்தார்கள் என்பது அழைக்கப்பட்டவருக்கும் தெரியும். பிரித்தானியாவுக்குப் புலம்பெயர்ந்து வந்த பின்னரும், வார விடுமுறையில் ஒரு நகரிலிருந்து மறு நகருக்குப் பயணஞ் செய்து கையில் அட்டை கொடுத்து வருகின்ற வழக்கத்தை நம்மிற் பலர் இன்னும் கைவிடவில்லை.

இத்துணை மதிப்புடைய அச்சொல் இன்று நமது கைத்தொலைபேசியில் மலிந்து கிடக்கின்றது. "உங்கள் நண்பர் உங்களை விளையாட அழைக்கிறார்", "உங்கள் உறவினருக்கு ஓர் உயிர் தேவை, அனுப்புவீர்களா?", "உங்கள் தோழி உங்களை முந்திவிட்டார்" என்று நாள்தோறும் செய்திகள் வந்தவண்ணம் உள்ளன. வேலைத்தலத்தில் நிற்கும்போதும், பிள்ளைக்குச் சோறூட்டும்போதும், நள்ளிரவிலும் அத்தொலைபேசி அதிர்கின்றது. இந்த வேண்டாத அழைப்புகளை நிறுத்துவது எவ்வாறு என்று பெற்றோர் சிலர் என்னிடம் வினவினர். விடை கூறுவது எளிது. ஆயினும், அவ்விடையை மட்டும் கூறிவிட்டு அமைவது ஆசிரியப் பணி ஆகாது. இவ்வழைப்புகள் ஏன் வருகின்றன, எம்மிடமிருந்து எதனைக் கொண்டு போகின்றன என்பவற்றையும் நாம் அறிந்துகொள்ளல் வேண்டும் என்பதே எனது கருத்து.

அழைப்பவர் யார்?

முகநூல் நிறுவனம் 2007 ஆம் ஆண்டில் தனது தளத்தைப் பிற நிறுவனங்களின் செயலிகளுக்குத் திறந்துவிட்டது. அதன் பின்னர் விளையாட்டு நிறுவனங்கள் அங்கே குடிபுகுந்தன. 2009 ஆம் ஆண்டில் 'ஃபாம்வில்' என்னும் கமத்தொழில் விளையாட்டு வெளிவந்தது. 2010 இன் தொடக்கத்தில் மாதந்தோறும் ஏறத்தாழ 8 கோடிப் பேர் அதனை விளையாடினர். கமத்தைப் பெருப்பிப்பதற்கு அயலவர்கள் தேவை. அயலவர்களைப் பெறுவதற்கு நண்பர்களை அழைத்தல் வேண்டும். வழி தவறிய மாடொன்று கண்ணீருடன் நிற்கின்றது என்றுகூட நண்பர்களுக்குச் செய்தி போனது. உண்மையான மாடு வளர்த்த நம்மவர்கள் அச்செய்தியைக் கண்டு நகைத்தனர். எனினும், அந்த மாடு உலகெங்குஞ் சென்று ஆள் சேர்த்தது. அவ்விளையாட்டின் முதற் பதிப்பு 2020 ஆம் ஆண்டின் இறுதி நாளுடன் மூடப்பட்டது. அது கற்றுக்கொடுத்த உத்தி மூடப்படவில்லை.

2012 ஆம் ஆண்டில் 'கான்டி கிரஷ்' வந்தது. இதன் அமைப்பைச் சற்று உற்று நோக்குவோம். விளையாடுபவருக்கு ஐந்து உயிர்கள் கொடுக்கப்படும். ஒரு கட்டத்தில் தோற்றால் ஓர் உயிர் போகும். போன உயிர் ஒன்று திரும்பி வர 30 நிமிடம் காத்திருத்தல் வேண்டும். ஐந்தும் போனால், ஐந்தையும் திரும்பப் பெற இரண்டரை மணி நேரம் செல்லும். காத்திருக்க இயலாதவருக்கு இரண்டு வழிகள் காட்டப்படும். ஒன்று, காசு கொடுத்தல். மற்றையது, நண்பரிடம் உயிர் கேட்டல். இவ்வாறே, சில கட்டங்களைக் கடந்தபின் ஒரு வாயில் அடைக்கப்பட்டு நிற்கும். அதைத் திறப்பதற்கும் காசு அல்லது நண்பர் மூவரின் உதவி என்று கேட்கப்பட்டது.

இதில் ஒளிந்திருக்கும் கணக்கை மாணவர்கள் கவனித்தல் நன்று. இவ்விளையாட்டை ஆக்கிய 'கிங்' என்னும் நிறுவனம் 2013 ஆம் ஆண்டில் ஈட்டிய வருமானம் ஏறத்தாழ 188 கோடி அமெரிக்க டொலர். ஆனால், விளையாடியவர்களுள் காசு கொடுத்தவர்கள் நூற்றுக்கு ஐவருக்கும் குறைவானவர்களே. ஏனைய தொண்ணூற்றைந்து பேரும் இலவசமாகவா விளையாடினார்கள்? இல்லை. அவர்கள் தமது நண்பர்களையும் உறவினர்களையும் கொண்டுவந்து விட்டார்கள். காசு கொடாதவர் ஆளைக் கொடுத்தார். 2016 ஆம் ஆண்டில் அந்நிறுவனம் 590 கோடி டொலருக்கு இன்னொரு நிறுவனத்தாற் கொள்முதல் செய்யப்பட்டது. நாம் ஒருவருக்கொருவர் அனுப்பிக்கொண்ட அழைப்புகளும் அந்த விலைக்குள் அடங்கும் எனக் கூறினால் அது மிகையன்று.

ஆகவே, "மாமா அழைக்கிறார்" என்று திரையில் தோன்றும்போது, உண்மையில் அழைப்பவர் மாமா அல்லர். மாமா ஏதோ ஒரு பொத்தானை அழுத்தியிருப்பார்; எல்லா நண்பர்களும் முன்கூட்டியே தெரிவு செய்யப்பட்ட பட்டியலொன்று அதன் பின்னால் இருந்திருக்கும். தம் பெயரில் எத்தனை பேருக்கு அழைப்புப் போயிற்று என்பதை அவர் அறியார். அவருடைய பெயரும் படமும் அந்நிறுவனத்துக்கு வெற்றிலைத் தட்டமாகப் பயன்பட்டன. உறவின் மதிப்பைக் கூலியின்றி எடுத்து விளம்பரம் செய்யும் முறை இது.

டில்லியில் எழுந்த வினா

இவ்வழைப்புகள் உலகுக்கே தொல்லையாயிருந்தன என்பதற்கு ஒரு சான்று உண்டு. 2015 ஆம் ஆண்டு ஒக்டோபர் 28 ஆம் நாள், முகநூல் நிறுவனத்தின் தலைவர் மார்க் சக்கர்பேர்க் டில்லியிலுள்ள இந்தியத் தொழில்நுட்பக் கழகத்துக்கு வந்து மாணவர்களின் வினாக்களுக்கு விடையளித்தார். உலகின் பெருஞ்செல்வர்களுள் ஒருவரிடம் இளைஞர்கள் எதைக் கேட்டார்கள்? கான்டி கிரஷ் அழைப்புகள் எங்களுக்கு வராமல் இருக்க என்ன செய்யவேண்டும் என்ற வினாவே முன்கூட்டிப் பலரது ஆதரவைப் பெற்று முன்னால் நின்றது. அரங்கம் சிரித்தது, கைதட்டியது.

அவர் கூறிய விடையின் சாரம் சிந்திக்கத் தக்கது. விளையாட்டில் ஈடுபாடே இல்லாதவர்களுக்கும் அழைப்பு அனுப்ப இடங்கொடுக்கும் பழைய கருவிகள் சில தமது தளத்தில் இருக்கின்றன என்றும், அவற்றை நீக்குவதற்கு இதுவரை முதன்மை கொடுக்கவில்லை என்றும், இவ்வினாவைக் கண்டபின் அதற்குப் பொறுப்பானவரிடம் தெரிவித்துவிட்டதாகவும் அவர் கூறினார். அஃதாவது, தொல்லை இருப்பது நிறுவனத்துக்குப் புதிய செய்தி அன்று. அதை நிறுத்தும் அவசரம் அவர்களுக்கு இருக்கவில்லை. கேட்டபின்னரே அசைந்தார்கள். வாய் திறந்து கேட்பதற்குப் பயன் உண்டு என்பது இதிலிருந்து நாம் பெறும் முதற் பாடம். எமக்கு வேண்டியதை எமக்காக இன்னொருவர் தாமாகச் செய்து தரமாட்டார் என்பது இரண்டாவது பாடம்.

நாம் இழப்பவை

"ஒரு சிறு செய்தி வந்தால் என்ன? அழித்துவிட்டால் முடிந்தது" என்று கூறுவோர் உளர். பிறருக்கு அது பொருந்தலாம். ஏதிலிகளாய் வந்து வாழும் எமக்கு அது முற்றிலும் பொருந்தாது. அதற்குக் காரணங்கள் கூறுவேன்.

முதலாவது, எமது கைத்தொலைபேசி பொழுதுபோக்குப் பொருள் மட்டும் அன்று. ஊரிலிருக்கும் தாயின் குரலும், கனடாவிலிருக்கும் தமையனின் செய்தியும், குடிவரவு வழக்கறிஞரின் அழைப்பும் அந்த ஒரே கருவியூடாகவே வந்து சேருகின்றன. நாடு விட்டு நாடு சிதறிய குடும்பத்துக்கு அதுவே முற்றம். எமது பள்ளியோடு தொடர்புடைய பெற்றோர் ஒருவர் பெற்றோல் நிலையமொன்றில் இரவு வேலை செய்பவர். விளையாட்டு அழைப்புகளின் அதிர்வு தாங்காமல், ஒருநாள் தொலைபேசியின் ஓசை முழுவதையும் அடைத்து வைத்துவிட்டுப் பகலில் உறங்கினார். அன்று ஊரில் அவருடைய தகப்பனார் காலமானார். தவறிய அழைப்புகள் பத்துக்கு மேல் இருந்தன. தகனம் முடிந்த பின்னரே அவர் விழித்தெழுந்து செய்தியை அறிந்தார். காணொளியிலேனும் தந்தையின் முகத்தைக் கடைசியாகப் பார்க்கும் வாய்ப்பு அவருக்கு இல்லாது போயிற்று. வெற்றழைப்புகள் பெருகினால் மெய்யழைப்பு அவற்றுள் மூழ்கிப் போகும். இதனைச் சிறு தொல்லை என்று என்னாற் கூற இயலாது.

இரண்டாவது, எமது தொலைபேசியிலுள்ள பெயர்ப் பட்டியல். பல விளையாட்டுகள் "உங்கள் நண்பர்களைக் கண்டுபிடிக்க உதவுகிறோம்" என்று கூறி அப்பட்டியலைத் திறக்க அனுமதி கேட்கின்றன. மாணவர்கள் பெரும்பாலும் வாசியாமலே 'ஆம்' என்று அழுத்திவிடுகின்றனர். அப்பட்டியலில் இருப்பவர்கள் யார்? ஊரிலுள்ள சித்தப்பா, முகாமில் உடனிருந்தவர், இன்னும் வதிவுரிமை கிடையாதிருக்கும் ஒருவர். அவர்களது பெயரையும் இலக்கத்தையும் கொடுப்பதற்கு எமக்கு யார் உரிமை தந்தது? அது எமது சொத்து அன்று. எம்மிடம் நம்பி வைத்த பொருள். தன் இருப்பிடமும் தொடர்பும் பிறர் கையில் அகப்பட்டுவிடுமோ என்ற அச்சத்தோடு ஆண்டுக்கணக்காக வாழ்ந்த ஒரு சமூகத்துக்கு இதை நான் விரித்துரைக்க வேண்டியதில்லை.

இது வெறுங்கற்பனை என்று கருதுவோர் 2018 ஆம் ஆண்டு வெளியான 'கேம்பிரிட்ஜ் அனலிற்றிக்கா' விவகாரத்தை நினைவு கூர்வார்களாக. முகநூலில் ஆளுமை பற்றிய வினாவிடைச் செயலியொன்றைத் தமது கணக்கில் இணைத்தவர்கள் ஏறத்தாழ 2 இலட்சத்து 70 ஆயிரம் பேர். ஆனால், அவர்களுடைய நண்பர்கள் என்ற ஒரே காரணத்தினால், 8 கோடியே 70 இலட்சம் பேர் வரையானோரின் விபரங்கள் திரட்டப்பட்டன. அவர்களுட் பெரும்பாலானோர் அச்செயலியைக் கண்ணாலும் கண்டதில்லை. 2019 ஆம் ஆண்டில் அமெரிக்க வர்த்தக ஆணைக்குழு முகநூல் நிறுவனத்துக்கு 500 கோடி டொலர் அபராதம் விதித்தது. நண்பர்களின் விபரங்களைச் செயலிகள் அள்ளிச் செல்லும் அந்த வழியை 2014 ஆம் ஆண்டிலேயே அந்நிறுவனம் குறுக்கத் தொடங்கியிருந்தது. எனினும், ஒருவர் 'ஆம்' என்றால் அவரைச் சார்ந்தவர்களும் அகப்படுவர் என்ற உண்மை மாறவில்லை.

மூன்றாவது, எமது பிள்ளைகளின் பாதுகாப்பு. முகநூல் அழைப்பு பெற்றோரின் தலைவலியாயிற்று; பிள்ளைகளோ 'றொப்ளொக்ஸ்', 'ஃபோட்நைற்' முதலிய விளையாட்டுகளுக்குள் இருக்கின்றனர். அங்கே நட்பு வேண்டியும் ஒன்றாக விளையாட வேண்டியும் வரும் கோரிக்கைகள் உறவினரிடமிருந்து மட்டும் வருவன அல்ல. முன்பின் அறியாதவரும் அனுப்பலாம். 2022 ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்தில், ஃபோட்நைற்றை ஆக்கிய நிறுவனம் அமெரிக்காவில் 52 கோடி டொலர் செலுத்த இணங்கியது. சிறுவர்களின் விபரங்களைப் பெற்றோரின் இசைவின்றித் திரட்டியமையும், குரலாலும் எழுத்தாலும் அந்நியருடன் உரையாடும் வசதி சிறுவர்களுக்கும் தாமாகவே திறந்திருந்தமையும், காசு செலவிடுமாறு மயக்கும் பொத்தான் அமைப்பும் அங்கு கூறப்பட்ட குற்றச்சாட்டுகளுள் அடங்கும். எனவே, பெற்றோர் ஒருபோதும் காணாத திரையில் வரும் அழைப்பே அதிகம் கவனிக்கத் தக்கது.

விளையாட்டுக்கு நான் பகைவன் அல்லன்

நான் விளையாட்டையே வெறுப்பவன் என்று மாணவர்கள் எண்ணிவிடலாகாது. தாயகத்தில், கிளிநொச்சிப் பகுதியில் ஒரு பாடசாலையில் ஆசிரியனாயிருந்த காலத்தில், இடைவேளை மணி அடித்ததும் பிள்ளைகள் கிளித்தட்டுக்கு ஆள் சேர்ப்பதைக் கண்டு மகிழ்ந்தவன் நான். அங்கேயும் அழைப்பு இருந்தது. "வாறியா?" என்று ஒருவன் கேட்பான். மற்றவன் "வாறன்" என்பான், அல்லது "இல்லை, படிக்க வேணும்" என்பான். மறுத்தவனை மறுபடி மறுபடி ஒரு நாளில் நாற்பது தடவை எவரும் கேட்டதில்லை. மணி அடித்தால் ஆட்டம் முடிந்தது. விளையாட்டுக்கு முடிவு இருந்தது. அழைப்புக்கு முகம் இருந்தது.

கைத்தொலைபேசி விளையாட்டிலும் நன்மை இல்லாமல் இல்லை. யேர்மனியிலும் அவுஸ்திரேலியாவிலும் இருக்கும் மச்சான்மாரோடு எமது பிள்ளைகள் சேர்ந்து விளையாடுவது அவ்விளையாட்டுகளால்தான். சில பிள்ளைகள் ஒன்றுவிட்ட சகோதரரோடு தமிழ் பேசும் ஒரே வேளையும் அதுவே. அதனை முற்றாகப் பறித்தல் அறிவுடைமை ஆகாது. நாம் தடுக்க வேண்டியது விளையாட்டை அன்று. வேண்டாமலே வந்து கதவு தட்டும் அழைப்பை.

நிறுத்தும் வழிகள்

இனி, வழிகளைச் சுருக்கமாகக் கூறுவேன். தொலைபேசிக்குத் தொலைபேசி, பதிப்புக்குப் பதிப்பு, பெயர்களும் இடங்களும் சற்று மாறும். ஆயினும், தேட வேண்டிய பகுதிகள் இவையே.

ஒன்று: தொலைபேசியின் அறிவிப்புகள். வேண்டாத அறிவிப்பு ஒன்று வந்தவுடன் அதனை அழித்துவிடாதீர்கள். அண்ட்ரொய்ட் தொலைபேசியில் அவ்வறிவிப்பின்மேல் விரலை அழுத்திப் பிடித்தால், அந்தச் செயலியின் அறிவிப்பை அடைக்கும் வழி தோன்றும். ஐபோனில் அதனை இடப்புறமாகத் தள்ளித் தெரிவுகளைத் திறந்தால் அதே வசதி உண்டு. அமைப்புகளில் 'அறிவிப்புகள்' என்னும் பகுதிக்குச் சென்று ஒவ்வொரு விளையாட்டாகவும் அடைக்கலாம். புதிய விளையாட்டை இறக்கும்போது "அறிவிப்பு அனுப்பலாமா?" என்று தொலைபேசி கேட்கும். அண்ட்ரொய்ட்டில் இக்கேள்வி 2022 ஆம் ஆண்டில் வெளிவந்த 13 ஆம் பதிப்பிலிருந்து வந்தது. அக்கேள்விக்கு 'வேண்டாம்' என்று விடையளித்தால், பின்னர் நிறுத்தவேண்டிய தேவையே எழாது.

இரண்டு: முகநூலின் உள்ளமைப்பு. அமைப்புகளுக்குள் மூன்று பகுதிகளைத் தேடுங்கள். 'அறிவிப்புகள்' பகுதியில் எவ்வெவற்றுக்கு மணி அடிக்கலாம் என்பதைத் தீர்மானிக்கலாம். 'செயலிகளும் இணையத்தளங்களும்' என்ற பகுதியில், முன்னொரு காலத்தில் முகநூல் கணக்கினால் நுழைந்த விளையாட்டுகளின் பட்டியல் இருக்கும், வேண்டாதவற்றை நீக்குங்கள். பலருக்கு அங்கே தாம் மறந்தே போன பெயர்கள் காத்திருக்கும். நீக்கினாலும், முன்னர் கொடுத்த விபரங்கள் அந்நிறுவனத்திடம் தங்கியிருக்கக்கூடும் என்பதை மறவாதீர்கள். 'தடுத்தல்' என்ற பகுதியில், ஒருவரை நண்பராக வைத்துக்கொண்டே அவரிடமிருந்து வரும் செயலி அழைப்புகளை மட்டும் தடுக்கும் வழியைத் தேடுங்கள். மாமாவை நீக்கவேண்டியதில்லை, மாமாவின் பெயரில் வரும் அழைப்பை நீக்கினால் போதும்.

மூன்று: பெயர்ப் பட்டியலுக்கான அனுமதி. தொலைபேசியின் அமைப்புகளில் தனியுரிமை அல்லது அனுமதிகள் என்னும் பகுதியில், உங்கள் தொடர்பு இலக்கங்களை எந்தெந்தச் செயலிகள் பார்க்கின்றன என்பது காட்டப்படும். விளையாட்டு எதற்கும் அது வேண்டியதில்லை. ஐபோனில் 2024 ஆம் ஆண்டு முதல், முழுப் பட்டியலையும் கொடாமல் தெரிந்தெடுத்த சிலரை மட்டும் கொடுக்கும் வசதியும் உண்டு.

நான்கு: வட்ஸ்அப் குழுக்கள். முன்பின் அறியாதவர்கள் எம்மை விளையாட்டுக் குழுக்களிலும் பரிசுக் குழுக்களிலும் சேர்த்துவிடுவது உண்டு. தனியுரிமைப் பகுதியில் 'குழுக்கள்' என்பதைத் திறந்து, 'எனது தொடர்புகள்' மட்டுமே சேர்க்கலாம் என மாற்றி விடுங்கள்.

ஐந்து: உறக்க நேரம். ஓசை முழுவதையும் அடைக்காதீர்கள். 'தொந்தரவு செய்யாதே' என்னும் அமைப்பில் விதிவிலக்குக் கொடுக்கலாம். தாய், தந்தை, உடன்பிறந்தார் ஆகியோரின் இலக்கங்களை அதிற் சேருங்கள். ஊரிலிருந்து அழைப்பு வட்ஸ்அப்பிலோ வைபரிலோ வருமானால், அச்செயலியையும் விதிவிலக்கிற் சேர்த்தல் அவசியம். சேர்த்தபின் ஒருவரை அழைக்கச் சொல்லிச் சோதித்துப் பாருங்கள்.

ஆறு: பிள்ளைகளின் விளையாட்டு. ஐபோனில் 'திரை நேரம்' என்ற பகுதியும், அண்ட்ரொய்ட்டில் கூகுளின் 'பமிலி லிங்க்' என்ற செயலியும் பெற்றோருக்கென்றே உள்ளன. இவற்றோடு, ஒவ்வொரு விளையாட்டின் உள்ளேயும் யார் நட்புக் கோரலாம், யார் பேசலாம் என்ற அமைப்பு உண்டு. முகநூலில் கணக்கு வைத்திருக்க 13 வயது நிரம்பியிருத்தல் வேண்டும் என்பதும் பெற்றோர் நினைவிற் கொள்ளத் தக்கது. இந்நாட்டில் 2023 இல் நிறைவேறிய இணையப் பாதுகாப்புச் சட்டத்தின் சிறுவர் காப்பு விதிகள் 2025 யூலை 25 முதல் நடைமுறைக்கு வந்துள்ளன. சட்டம் வேலி போடும். படலையைச் சாத்துவது வீட்டுக்காரர் வேலை.

மறுக்கத் தெரியாத தருமன்

கருவியின் அமைப்பை மாற்றுவது எளிது. மனத்தின் அமைப்பை மாற்றுவதுதான் அரிது. "அழைத்தவர் மனம் நோகுமே" என்ற தயக்கம் தமிழருக்கு மிகுதி. அத்தயக்கத்தின் மேலேதான் இவ்வழைப்புகள் அனைத்தும் கட்டப்பட்டுள்ளன.

மாணவச் செல்வங்களே, பாரதக் கதையை நீங்கள் கேட்டிருப்பீர்கள். தருமன் சூதின் தீமையை அறியாதவன் அல்லன். அவனைச் சூதாட அழைத்து வந்தவர் பகைவரும் அல்லர். அவன் பெரிதும் மதித்த விதுரரே திருதராட்டிரனின் தூதராக வந்தார். அந்த விதுரரோ சூதை விரும்பாதவர். மதிப்புக்குரியவரின் வாயால் அழைப்பு வந்தது. அழைத்தால் மறுப்பதில்லை என்ற எண்ணம் தருமனைக் கட்டியது. சென்றான், நாட்டையும் தம்பியரையும் மனைவியையும் தோற்றான். இழந்த அனைத்தும் மீண்டபின், ஊர் திரும்பும் வழியில் இரண்டாம் அழைப்பு வந்தது. அதையும் அவன் மறுக்கவில்லை. 12 ஆண்டு வனவாசமும் 1 ஆண்டு அஞ்ஞாதவாசமும் அந்த இரண்டாம் அழைப்பினால் வந்தவை.

கான்டி கிரஷ் சூதாட்டம் அன்று. நான் இரண்டையும் ஒன்றாக்கவில்லை. அழைப்பின் தன்மையைக் கவனியுங்கள். அழைப்பை அனுப்பியவர் ஒருவர், தூது வந்தவர் வேறொருவர். தூது வந்தவரின் மதிப்பே வலையாயிற்று. ஒருமுறை தப்பியவனுக்கு மறுமுறையும் அழைப்பு வந்தது. எமது திரையில் நிகழ்வதும் இதுவே. வள்ளுவர் விருந்தோம்பலுக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார்; சூதுக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். வருவோரை வரவேற்கவும் வேண்டும், வேண்டாததை விலக்கவும் வேண்டும் என்ற இரண்டும் ஒரே நூலில் இடம்பெற்றிருப்பதில் முரண் எதுவும் இல்லை.

பணிவோடு மறுப்பதும் ஒரு பண்பாடு. "மாமா, நீங்கள் அனுப்பின விளையாட்டு வேண்டாம்; ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் தொலைபேசியிலை கதைப்பம்" என்று ஒரு பிள்ளை சொல்லுமானால், அதனால் மாமாவின் மனம் நோகாது; குளிரும். அவருடைய பெயரில் அழைப்புப் போவதை அவருக்கு அறிவித்ததாகவும் அமையும்.

செய்ய வேண்டுவன

பெற்றோர்களே, பிள்ளையின் தொலைபேசியைப் பறித்துப் பெட்டியில் வைப்பதனால் இது தீராது. பறித்தவர் உறங்கும்போது பிள்ளை அதனை எடுப்பான். அதன்பின் திரையில் என்ன வந்தாலும் உங்களிடம் சொல்லமாட்டான். அச்சத்தால் மறைக்கும் பிள்ளையே அந்நியருக்கு எளிய இரை. அந்நியர் எவரேனும் அழைத்தால் ஏச்சு வாங்காமல் உங்களிடம் வந்து சொல்லலாம் என்ற நம்பிக்கையைப் பிள்ளைக்குக் கொடுங்கள். எந்த அமைப்பையும்விட அந்நம்பிக்கை வலிது. பேருந்தில் நீங்கள் ஆடும் விளையாட்டு, பள்ளிப் பெற்றோர் குழுவிலுள்ள அனைவருக்கும் உங்கள் பெயரில் அழைப்பு அனுப்புகின்றதா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

மாணவர்களே, உங்களுக்கு ஒரு வீட்டுவேலை தருகிறேன். அண்ட்ரொய்ட் தொலைபேசியையும் முகநூலையும் தமிழ் மொழிக்கு மாற்றலாம். உங்கள் அம்மாவின் அல்லது அம்மம்மாவின் தொலைபேசியை அவ்வாறு தமிழுக்கு மாற்றி, அவர் பக்கத்தில் அமர்ந்து, மேற்கூறிய ஆறு வழிகளையும் ஒவ்வொன்றாகச் செய்யுங்கள். 'அறிவிப்பு', 'அனுமதி', 'தடுத்தல்', 'தனியுரிமை' என்ற சொற்களை நீங்களே வாசித்துக் காட்டுங்கள். கருவி உங்களுக்குத் தெரியும். சொல்லின் பொருள் அவருக்குத் தெரியும். இருவரும் சேர்ந்தாற்றான் வேலை முடியும். வகுப்பறையில் நான் ஒரு மாதம் கற்பிக்கும் சொற்களை அந்த அரைமணி நேரத்தில் நீங்கள் கற்றுவிடுவீர்கள்.

எமது பள்ளி நிருவாகத்தினருக்கும் ஒரு வேண்டுகோள். அடுத்த பெற்றோர் கூட்டத்தில் தேநீர் இடைவேளைக்கு முன் அரைமணி நேரத்தை இதற்கு ஒதுக்குங்கள். உயர்வகுப்பு மாணவர்கள் முன்னின்று உதவுவார்கள். பெற்றோர் அனைவரும் தொலைபேசியோடு வரவேண்டும். இரவு வேலை செய்வோர் தவறாது வரவேண்டும். ஊரிலிருந்து வரும் அழைப்பு அவர்களை வந்தடைய வழி செய்தே அன்று அனுப்பி வைப்போம்.